கடன் கல்லுக்குக் கற்பூரம்

நாங்கள் குடியிருக்கிற வரிசை வீடுகளை, எங்கள் லயத்தை, காட்டி அரசாங்கம் வெளிநாட்டில் கடன் வாங்கியது. எங்களிடம் யாரும் கேட்கவில்லை. யட்டவத்தைக்கு மேலே, பஸ் திரும்பிவிடுகிற இடத்திலிருந்து இன்னும் நடந்து ஏற வேண்டிய தேயிலைத் தோட்டம் எங்களுடையது. சண்டை வடக்கில்தான் நடந்தது. ஆனாலும் எங்கள் ஆண்கள் மாத்தளைக்குப் போவதென்றால் அடையாள அட்டையைச் சட்டைப்பையில் தொட்டுப் பார்த்துக்கொண்டே போன காலம் அது.

அதுவரை எங்களுக்கு இருந்தது ஒரு பீலி. மலையில் ஊறுகிற தண்ணீரை இரும்புக் குழாயில் இறக்கி, கீழே சீமெந்துத் தளம் போட்டிருந்தார்கள். வெள்ளைக்காரன் காலத்து வேலை. குளிப்பது, துவைப்பது, சண்டை போடுவது எல்லாம் அங்கேதான். மலையில் கொழுந்து பறித்துவிட்டு வந்து, வரிசையில் நின்று, குடத்தைத் தூக்கிக்கொண்டு படியேற வேண்டும். அதனால் லயத்து வாசலுக்கே குழாய் வரப்போகிறது என்றதும் சந்தோஷப்பட்டோம். குடம் சுமந்தவளுக்குத்தான் அந்தச் சந்தோஷம் புரியும்.

திட்டத்துக்குப் பொறுப்பாக வந்த அதிகாரி மாத்தளை டவுன் முஸ்லிம் பையன். மோட்டார் சைக்கிளில் வருவான். எங்களிடம் மரியாதையாகப் பேசுவான். கீழே ஓடையில் மோட்டர் வைத்து, தண்ணீரை மலை உச்சித் தொட்டிக்கு ஏற்றி, அங்கிருந்து லயத்துக்கு இறக்குவதுதான் திட்டம் என்றான்.

"ஏன் தம்பி, ஊத்து மேலதானே இருக்கு? குழாயப் போட்டா தண்ணி தானா எறங்கும். எதுக்குக் கீழ போயி மேல ஏத்தணும்?" என்று கேட்டேன்.

ஹெல்மெட்டைக் கழற்றிச் சிரித்தான். "நானும் இதத்தான் எழுதிக் குடுத்தேன் அக்கா. மோட்டர் இல்லாத திட்டத்துக்கு லோன் இல்லயாம். லோன் தார நாடுதான் மோட்டரும் விக்குது."

"அப்ப அவன் காசு அவன்கிட்டயே போயிருது. நமக்கு என்னா வருது?"

"கடன் வருது," என்றான்.

திறப்பு விழாவுக்குக் கல் வந்தது. கறுப்புக் கல். எந்த நாட்டுக் கடனுதவியில் கட்டப்பட்டது என்று மூன்று மொழியிலும் தங்க எழுத்தில் வெட்டியிருந்தார்கள். ஜீப் வந்து நிற்கிற இடத்தில் சமதளமாக இருந்தது பீலித் தளம் ஒன்றுதான். எங்கள் தோட்டத்துச் சங்கத் தலைவர் யோசனை சொன்னார்: "இனிமே பீலி எதுக்கு? கல்ல அதுமேலயே நட்டுட்டா வர்ற பெரிய மனுசங்க படியேற வேண்டியதில்ல." எல்லாருக்கும் சரியாகத்தான் பட்டது. பீலியின் வாயைச் சீமெந்து வைத்து அடைத்தார்கள். ஊற்றைக் கழிவுநீர் ஓடுகிற கானுக்குத் திருப்பிவிட்டார்கள். கல் நின்றது.

பூசை போடாமல் தோட்டத்தில் எதையும் திறக்க மாட்டோம். பூசாரி கல்லுக்குச் சந்தனம் பூசி, குங்குமம் வைத்து, மாலை போட்டுக் கற்பூரம் காட்டினார். வந்த பெரியவர் நாடாவை வெட்டிவிட்டு, நாடு வளர்கிறது, தோட்டமும் வளர்கிறது என்று பேசினார். ஜீப் போய்விட்டது. மாலை கல்லில் கிடந்தது. அடுத்த வெள்ளிக்கிழமை ஒருத்தி அதற்கு விளக்கு வைத்தாள். பிறகு யாரோ மஞ்சள் துணி கட்டினார்கள். கொஞ்ச நாளில் மலைக்குப் போகிறவர்கள் அதைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டு போனார்கள். சிரிக்க வேண்டாம். மாத்தளைத் தேருக்குக் கால்நடையாகவே போய்வருகிற சனம் நாங்கள். பொட்டு வைத்த கல்லைச் சும்மா கடந்துபோக எங்களுக்குக் கால் வராது.

வாசல் குழாயில் சில மாதம் தண்ணீர் வந்தது. அடுத்த மழைக்காலத்தில் மோட்டர் எரிந்து, அதுவும் நின்றது. என் தங்கச்சி புருசன் அதைச் சாக்கில் கட்டி மாத்தளைக்குக் கொண்டுபோனான். வழியில் ஆமிக்காரர்கள் பஸ்ஸை நிறுத்தினார்கள். சாக்குக்குள் கம்பிச்சுருள். தூக்கியவன் தமிழன். போதாதா? பொழுது சாயும்வரை ரோட்டோரத்தில் முட்டிபோட வைத்தார்கள். தகவல் கேட்டு அந்த அதிகாரிப் பையன் வந்து சிங்களத்தில் மன்றாடித்தான் விட்டார்கள். இவ்வளவுக்கும் பிறகு மாத்தளை மோட்டர் கடைக்காரர் சொன்னது: "இந்த ரகத்துக்கு இங்க சாமான் இல்ல. அந்த நாட்டுலருந்துதான் வரணும். டொலர்ல காசு கட்டணும்."

அந்த நேரத்தில்தான் என் தங்கச்சிக்குப் பிள்ளை பிறந்தது. பிள்ளை பெற்றவளுக்குச் சுடுதண்ணீர் ஊற்ற வேண்டும். தையல் போட்ட இடத்தைச் சுத்தமாக வைக்கச் சொல்லி ஆஸ்பத்திரியிலும் அனுப்பியிருந்தார்கள். எதை வைத்துச் சுத்தம் செய்வது? ஓடைத் தண்ணீர் மழையில் சேறாக ஓடியது. வடிகட்டினேன், காய்ச்சினேன். துணியில் மண் தங்கியது. தையல் சிவந்து, அவளுக்குக் காய்ச்சல் வந்தது. நல்ல தண்ணீரோ ஒரு கல்லுக்குப் பின்னால் கானில் வீணாக ஓடிக்கொண்டிருந்தது.

தலைவரிடம் போனேன்.

"அது சாமிக் கல்லு அக்கா," என்றார்.

"கடன் வாங்குன சாமி எது தலைவரே?"

"பூச போட்டாச்சே. கை வச்சா ஏதாச்சும் ஆயிரும்."

"என் தங்கச்சிக்கு இப்பவே ஆயிக்கிட்டுத்தான் இருக்கு."

வீட்டுக்குப் போய், கல் பெயர்க்கிற இரும்புக் கம்பியை, அலவாங்கை, எடுத்துக்கொண்டு வந்தேன். லயமே கூடிவிட்டது. விளக்கு வைக்கிறவள் கல்லுக்கு முன்னால் வந்து நின்று அழுதாள்.

"நீ எதுக்குடி இதுக்கு வெளக்கு வைக்கிற?" என்று கத்தினேன்.

"தண்ணி வரணும்னுதான் அக்கா," என்றாள்.

அதற்குமேல் அலவாங்கை ஓங்க எனக்குக் கை வரவில்லை. அவளும் ஓடையில் குடம் சுமக்கிறவள்தான். அவள்மேல் எனக்கு என்ன கோபம்?

பூசாரிதான் வழி சொன்னார். கோயிலில் சாமியை இடம் மாற்றுவதற்கு ஒரு முறை இருக்கிறதாம், அதைச் செய்தால் போதுமாம். வேப்பிலை கட்டி, தேங்காய் உடைத்து, கல்லைப் பார்த்துக் கும்பிட்டார். "கோவிச்சுக்காம கொஞ்சம் தள்ளி ஒக்காரும் சாமி. ஒம்ம கடன யாரும் தொட மாட்டாங்க. அது அப்புடியே நிக்கும்." அழுதவளே சிரித்துவிட்டாள். ஆண்கள் கயிறு போட்டுக் கல்லைப் பெயர்த்து, ரோட்டைப் பார்த்த மாதிரி ஓரமாக நிறுத்தினார்கள். என் அலவாங்கால் சீமெந்தை உடைத்துக் கானை அடைத்தார்கள். குழாய் இருமியது. செம்மண் கக்கியது. பிறகு பளிங்குத் தண்ணீர் கொட்டியது. யாரும் வரிசைக்குச் சண்டை போடவில்லை. முதல் குடத்தை என் தலையில் தூக்கி வைத்தது விளக்கு வைக்கிறவள்.

ஆஸ்பத்திரி மருந்தும் சுத்தமான வெந்நீருமாக, தங்கச்சியின் காய்ச்சல் மெல்ல இறங்கியது.

அப்புறம் ஒரு பிற்பகல் அதிகாரி வந்தான். நான் சண்டைக்குத் தயாராக நின்றேன். அவன் கல்லைப் பார்த்தான், பீலியைப் பார்த்தான்.

"லோன் ஆக்கள் பார்க்க வாராங்க அக்கா. கல்லு ரோட்டுலருந்து நல்லா தெரியுது. அது போதும்."

"மோட்டரு?"

"திட்டம் முடிஞ்சதாத்தான் கணக்கு. சாமான் வர்றதுக்கு யாரும் காசு ஒதுக்கல."

"கடன் மட்டும் நிக்குதா?"

"உங்க தங்கச்சி புள்ளைக்குப் புள்ள பொறந்தாலும் நிக்கும்."

"யாரு கட்டுறது?"

"நாடு."

எனக்கு வாய் நிற்கவில்லை. "எங்கப்பன் செத்துப்போற வரைக்கும் அவருக்குப் பிரசாவுரிமை குடுக்கல. ஓட்டுன்னு கேட்டா நீ இந்த நாட்டு ஆளே இல்லன்னாங்க. கடன்னு வந்ததும் நாங்களும் நாட்டு ஆளா? அந்தப் புள்ளைக்கு இன்னும் பொறப்புச் சாட்சிப் பத்திரம்கூட எடுக்கல, அதுக்குள்ள அவன் கடன்காரன். டொலரு எங்கிருந்து வருது தம்பி? நான் பறிக்கிற கொழுந்த வித்துத்தானே? அப்ப எரிஞ்ச மோட்டருக்கு நான்தானே கட்டுறேன்?"

அவன் ஹெல்மெட்டைக் கையில் உருட்டிக்கொண்டே, "நீங்க சொல்றது சரிதான் அக்கா. இத எழுத எங்க ஃபோம்ல எடம் இல்ல," என்றான். தொழுகை நேரமாகிவிட்டது என்று சொல்லி, கால்சட்டையை மடித்துவிட்டுக்கொண்டு பீலியடிக்கு இறங்கினான். கை கழுவினான், முகம் கழுவினான்.

மேலே நின்ற விளக்கு வைக்கிறவள் குரல் கொடுத்தாள். "தம்பி, சாமி வெளக்குல தண்ணி தெறிக்காமக் கழுவுங்க."

"சரி அக்கா," என்று சொல்லி அவன் கல்லைவிட்டுத் தள்ளி நின்று கால் கழுவினான்.