அப்பா சூடம் அணைத்த நாள்

எங்கள் வீட்டு முன்கூடத்தில் எப்போதும் ரப்பர் ஒட்டுப்பால் நாற்றம் அடிக்கும். அப்பா சுங்கை பட்டாணியில் வக்கீல், எங்கள் தொகுதியின் சட்டமன்ற உறுப்பினரும் அவரே. கோலா கெத்தில் பக்கத்துத் தோட்டங்களில் பால்மரம் சீவிவிட்டு அப்படியே பஸ் ஏறி வருகிறவர்கள், உடுப்பிலும் தலைத்துண்டிலும் அந்த நாற்றத்தைச் சுமந்தபடி, நாற்காலி காலியாக இருந்தாலும் உட்காராமல், "லாயர் ஐயா எழுந்திட்டாரா பாப்பா?" என்று கேட்டு நிற்பார்கள். அம்மா ஜன்னலைத் திறந்து வைப்பார். "இந்த நாத்தம்தான் நமக்கு ஓட்டு" என்று அப்பா சிரிப்பார்.

எனக்குப் பத்து வயதானபோது வந்த தேர்தல் பருவத்தில் அந்தச் சிரிப்பு நின்றது. வீடமைப்பு முதலாளி ஒருவர் தோட்டமொன்றை வாங்கி, தோட்டத் தொழிலாளர் குடியிருப்பான "லயத்தில்" மூன்று தலைமுறையாக வாழ்ந்தவர்களைக் காலி செய்யச் சொல்லி வழக்குப் போட்டார். முதலாளிக்காக வழக்கை நடத்தியது அப்பாவின் அலுவலகம்; அப்பா ஓட்டுக் கேட்டுப் போக வேண்டியதும் அதே லயத்துக்குத்தான். போன் மணி அடித்தாலே அம்மா கைவேலையைப் போட்டுவிட்டு வந்து நிற்பார். நான் எதைக் கேட்டாலும் "போய்ப் படி" என்பதே பதில்.

அந்தத் தோட்டத்து மாரியம்மன் திருவிழாவுக்கு அப்பா என்னையும் கூட்டிப்போனார். பிள்ளையோடு வந்தால் யாரும் கத்தமாட்டார்கள் என்று நினைத்திருப்பார். மாலை போட்டு, தலையில் பரிவட்டம் கட்டினார்கள். மேளம் நின்றது. லயத்துக்காகப் பேசுகிற முனியம்மா அக்கா, சூடம் எரியும் தட்டோடு முன்னால் வந்தார்.

"ஐயா, ஆளாளுக்கு என்னென்னமோ பேசுறாங்க. கோர்ட்டுக்கு நாங்க வேற லாயர் வைக்கணும்னு சொல்றாங்க. முதலாளிக்கு நீங்க லாயர் இல்லன்னு இத அணைச்சு ஒரு வார்த்தை சொல்லிடுங்க. அது போதும் லா, நீங்களே எங்களுக்குப் பேசுவீங்க."

சூடத்தை உள்ளங்கையால் அணைத்துச் சொன்ன சொல்லை அங்கே யாரும் சந்தேகப்படமாட்டார்கள். பொய்யாக அணைத்தால் பிள்ளையைத் தாக்கும் என்பது அவர்கள் நம்பிக்கை. அத்தனை கண்களும் அப்பாவை விட்டு என்மேல் வந்து நின்றன.

அப்பா தயங்கவே இல்லை. "முதலாளிக்கு நான் லாயர் இல்ல, ஆத்தா மேல சத்தியம்" என்று அணைத்தார். பெண்கள் குலவையிட்டார்கள்.

காரில் வரும்போது, "எனக்கு ஒண்ணும் ஆகாதுல்லப்பா?" என்று கேட்டேன்.

"பொய் சொன்னாத்தானே ஆகும்? கேஸ நேத்தே பார்ட்னருக்கு மாத்திட்டேன்" என்றார். பார்ட்னர் உட்கார்ந்திருந்தது அப்பாவுக்கு அடுத்த அறையில்தான். ஆனாலும் அன்றைக்கு எனக்கு அந்தப் பதில் பெரிய நிம்மதியாக இருந்தது.

சத்தியத்தை நம்பி அவர்கள் வேறு வக்கீல் வைக்கவில்லை. லயமே திரண்டு ஓட்டுப் போட்டு அப்பாவை ஜெயிக்க வைத்தது. வழக்கு நாளில் அவர்களுக்காகப் பேச, அப்பா உட்பட, கோர்ட்டில் ஒருவரும் இல்லை. தீர்ப்பு வந்தது, பின்னாலேயே புல்டோசரும் வந்தது.

அதற்குப் பிறகு முனியம்மா அக்கா எங்கள் வீட்டுக்கு வந்தபோது, சண்டைக்கு வந்திருக்கிறார் என்று அம்மா வாசலை மறித்து நின்றார். அப்பா சட்டமன்றக் கூட்டத்துக்காக அலோர் ஸ்டார் போயிருந்தார். அக்கா கத்தவில்லை. முந்தானை முடிச்சை அவிழ்த்துத் திருநீறு எடுத்தார்.

"நெத்தியக் காட்டு பாப்பா. ஐயா அன்னைக்கு அணைச்சது உன்ன ஒண்ணும் செய்யக்கூடாதுன்னு ஆத்தாகிட்ட வேண்டிக்கிட்டேன்."

அப்பா பொய் சொல்லவில்லை என்று சொல்ல வாயெடுத்தேன். வெட்கமாக இருந்தது; குனிந்து நெற்றியைக் காட்டினேன். குருண் ஊரில் உள்ள தம்பி வீட்டுக்குப் போவதாக அம்மாவிடம் சொல்லிவிட்டு அக்கா இறங்கிப் போனார்.

இன்று அந்த இடத்தில் வரிசை வீடுகள், பெரிய இரும்புக் கதவுகள். லயமும் இல்லை, அதன் பிள்ளைகள் படித்த தமிழ்ப்பள்ளியும் இல்லை. தான் சொன்னது பொய்யில்லை என்று சாகும்வரை அப்பா சொல்லிக்கொண்டிருந்தார். எனக்கு உண்மையிலேயே ஒன்றும் ஆகவில்லை. நன்றாகப் படித்தேன், நல்ல வேலை கிடைத்தது. லயத்துப் பிள்ளைகளில் பலர் அந்த வருடத்தோடு பள்ளிக்கூடம் போவதையே நிறுத்திவிட்டார்கள்.