சமயத் தட்டில் வைத்த கன்னடக் காவியம்

வெளிநாட்டில், நாங்கள் இருக்கும் ஃபாரஸ்ட் கேட் பக்கம் ஒரு நூலகத்தில் நான் உதவியாளராகச் சேர்ந்த இரண்டாம் கிழமை அது. மனேஜர் ஜூலி ஒரு பெட்டியைத் தந்து, உங்கள் பக்கத்து மொழிதானே, அடுக்கிவிடுங்கள் என்றார். உள்ளே பதினொரு கன்னடப் புத்தகங்கள். எனக்கு அதில் ஓர் எழுத்தும் தெரியாது. ஆறு மாதத் தற்காலிக வேலை. தெரியாது என்று சொல்ல வெட்கம். ஒன்றின் அட்டையில் கோயில் தூண் சிற்பம் இருந்தது. பக்திப் புத்தகமாக்கும் என்று சமயத் தட்டில், பஜனைப் பாடல்களுக்குப் பக்கத்தில் வைத்தேன். மற்றவற்றையும் இப்படி அட்டையைப் பார்த்தே அடுக்கினேன்.

கன்னட முதியோர் கூட்டத்தில் ஞாயிறுதோறும் சத்தமாக வாசிக்கும் ராவ் என்ற பெரியவர் அதை எடுத்துப்போனார். அடுத்த கிழமையே பேப்பரில் சுற்றிக்கொண்டு வந்தார். மூன்றாம் அத்தியாயத்தில் அரசனும் அரசியும் குளத்தில் இறங்கினார்களாம். பெண்களுக்கு முன்னால் அதற்குமேல் வாசிக்க முடியவில்லையாம். இதை எறிந்துவிடுங்கள் என்று முறைப்பாடு எழுதிக் கொடுத்தார்.

அது என்ன புத்தகம் என்று வெள்ளிக்கிழமைக்குள் சொல்லும்படி ஜூலி கேட்டார். வேலை போய்விடும் என்று பயந்தேன். அதே கூட்டத்துக்குப் போகும் சரோஜா ரீச்சர் பேப்பர் பார்க்க வருவார். பெங்களூரில் கன்னடம் படிப்பித்தவர், தமிழும் பேசுவார். அவரிடம் மெதுவாகச் சொன்னேன்.

"ரீச்சர், எனக்குக் கன்னடம் வாசிக்கத் தெரியாது. அட்டையைப் பாத்துத்தான் வைச்சனான்."

"ராவ் நல்ல இடத்துல நிறுத்திட்டார்மா. நாங்க எல்லாரும் மீதிக்குக் காத்துட்டு இருக்கோம்."

இதைத்தான் வகுப்பில் பாடமாக நடத்தினாராம். வசந்தம், நிலவு, நீர் விளையாட்டு, கூடல் எல்லாம் இருந்தால்தான் அந்தக் காலத்தில் காவியம் முழுமை என்பார்களாம். துறவைப் போதித்த ஜைனப் புலவர்களும் அப்படித்தான் எழுதினார்களாம்.

"பஸ் ஸ்டாண்டுல தொங்கின மஞ்சள் புத்தகம் வேற. அதை ஒளிச்சு வச்சுப் படிச்சோம்."

"அப்ப இதில பக்தியே இல்லையோ?"

"கடைசில ராஜா சந்நியாசி ஆயிடுவான். அதுவரைக்கும் பொறுமை வேணும்."

வெள்ளிக்கிழமை ஜூலியிடம் எல்லாவற்றையும் சொன்னேன், கன்னடம் தெரியாததையும் சேர்த்து. அவர் கோபிக்கவில்லை, மற்றப் பத்தும் என்ன என்று மட்டும் கேட்டார். அதற்கும் ரீச்சரைத்தான் கூப்பிட்டோம். நான் பக்தி என்று வைத்தவற்றில் இரண்டு சமையல், ஒன்று மாட்டு வைத்தியம்.

காவியம் இலக்கியத் தட்டுக்குப் போனது. ஆறு மாதம் முடிய என் வேலையும் நிரந்தரமானது. இப்போது தெரியாத மொழியில் பெட்டி வந்தால், முதலில் தெரியாது என்று சொல்லிவிட்டு, அதை வாசிக்கிற ஆளைத் தேடுகிறேன். அடுக்குவது அதற்குப் பிறகுதான்.