இரண்டாவது ஆபரேஷனுக்கு என்னிடம் ஜெபம் மீதமில்லை

சகோதர சகோதரிகளே, சாட்சி சொல்ல எழுந்து நிற்கிற பலருக்கும் பலத்த குரல் இருக்கும். எனக்கு அது இல்லை. ஆண்டவர் எங்களுக்குச் செய்ததை நடந்தபடியே சொல்கிறேன், பொறுமையாகக் கேளுங்கள்.

இரண்டாயிரம் பிறந்த வருடம் அது. நாங்கள் நாகர்கோவில் பக்கத்திலிருந்து திருவனந்தபுரம் வந்து கரமனையில் வாடகைக்கு இருந்தோம். என் கணவர் செல்வராஜுக்குச் சாலை பஜாரில் ஒரு பெயின்ட் கடையில் வேலை. திடீரென்று அவர் குரல் கம்மிப்போனது. பெயின்ட் நெடிதான் காரணம் என்று நினைத்து வெந்நீர் வைத்துக் கொடுத்தேன். அப்புறம் முதுகு வலி. பெரிய ஆஸ்பத்திரியில் ஸ்கேன் எடுத்த பிறகுதான் விஷயம் தெரிந்தது.

"ஹார்ட்டிலேர்ந்து புறப்படுற பெரிய ரத்தக்குழாய் இது. மேல வளைவிலேர்ந்து முதுகுப் பக்கம் கீழ வரை வீங்கியிருக்கு. பொட்டினா பின்னெ ஒண்ணும் செய்ய ஒக்காது, கேட்டோ" என்றார் டாக்டர். மலையாளிதான், ஆனாலும் எங்களுக்காகத் தமிழில் பேசினார். வெடித்தால் பிறகு ஒன்றும் செய்ய முடியாது என்கிறார்.

முழுவதையும் ஒரே தடவையில் சரிசெய்ய முடியாதாம். தன் சட்டைக் கையையே குழாய் மாதிரி பிடித்துக் காட்டினார். முதல் ஆபரேஷனில் நெஞ்சைத் திறந்து மேல் வளைவை எடுத்துவிட்டுத் துணிக்குழாய் தைப்பார்கள். அதன் நுனியை எங்கும் தைக்காமல், வீங்கிய குழாய்க்குள்ளேயே யானைத் தும்பிக்கை மாதிரி தொங்கவிடுவார்கள். உடம்பு தேறிய பிறகு இடது விலாவைத் திறந்து, அந்தத் தும்பிக்கையைப் பிடித்து மீதியை இணைப்பார்கள். முதல் ஆபரேஷனின்போது உடம்பை ஐஸ் போலக் குளிர வைத்து, ரத்த ஓட்டத்தையே கொஞ்ச நேரம் நிறுத்துவார்கள் என்றும் சொன்னார்.

முதல் ஆபரேஷனுக்கு நான் என் பலம் எல்லாவற்றையும் போட்டு ஜெபித்தேன். உபவாசம் இருந்தேன். முழங்கால் தோல் கறுத்துப்போகும்வரை ஜெபித்தேன். ஆண்டவர் கேட்டார். என் கணவர் பிழைத்து வீட்டுக்கு வந்தார். சபையில் எல்லோரும் கைதட்டி ஸ்தோத்திரம் சொன்னார்கள். நானும் சொன்னேன். ஆனால் பாதிதான் முடிந்திருக்கிறது என்பது என் மனதை விட்டுப் போகவில்லை.

அதன்பிறகு வந்த மாதங்கள்தான் கொடுமை. சமைப்பேன், துவைப்பேன், மாத்திரை கொடுப்பேன், அவர் மூச்சைக் கவனித்துக்கொண்டே இருப்பேன். டாக்டரைப் பார்க்கப் போனபோது இன்னொன்றும் சொன்னார். முதுகுத்தண்டுக்குப் போகிற சின்னக் குழாய்கள் அந்தக் கீழ்ப்பகுதியிலிருந்துதான் பிரிகின்றனவாம். இரண்டாவது ஆபரேஷனில் கால் இரண்டும் தளர்ந்து போகவும் வாய்ப்பு உண்டாம்.

வேண்டாம் என்று சொல்லவும் எனக்குத் தெம்பில்லை, செய்வோம் என்று சொல்லவும் தெம்பில்லை. என் கணவர்தான் சொன்னார்.

"தும்முனாக்கூட பொட்டிருமோன்னு பேடியா இருக்கு பிள்ளே. இப்படியே இருக்க எனக்கு ஒக்காது. போவோம்."

போனோம். ஜெபிக்க உட்கார்ந்தால் எனக்கு வார்த்தை வரவில்லை. என் கணவரின் அக்காள் ரெஜினாவை நான் மைனி என்று கூப்பிடுவேன். அவர்களிடம் அழுதேன்.

"மைனி, எனக்கு ஜெபிக்க வரல்லே. உள்ளே ஒண்ணுமே இல்லே."

"நீ ஜெபிக்கண்டாம். இஞ்ச இரி. உனக்கும் சேத்து நாங்க ஜெபிக்கோம்" என்றார்கள்.

இரண்டாவது ஆபரேஷன் முடிந்தது. கண் விழித்ததும் இரண்டு பாதத்தையும் அசைத்தார். சபைக்குப் போன் பண்ணி நல்ல செய்தி சொன்னோம். ஆனால் ஓரிரு நாளிலேயே பிரஷர் திடீரென்று இறங்கியது. கால் இரண்டும் செத்ததுபோல் கிடந்தன. நான் கிள்ளிப் பார்த்தேன். "எங்க கிள்ளுற?" என்று கேட்டார். ஐயோ, அந்தக் கேள்வியை இன்றும் என்னால் மறக்க முடியவில்லை.

டாக்டர் ஓடி வந்தார். முதுகில் ஏற்கனவே வைத்திருந்த மெல்லிய குழாய் வழியாகத் தண்டுவட நீரை இன்னும் வடியவிட்டார்கள். பிரஷரை ஏற்ற மருந்து கொடுத்தார்கள். "சிலருக்குத் திரும்பி வரும். நோக்காம்" என்றார். பார்ப்போம் என்பதற்கு மேல் அவராலும் சொல்ல முடியவில்லை.

மத்தியான வெயில். ஐ.சி.யூ. வராந்தாவில் நாற்காலியில் உட்கார்ந்தேன். "ஆண்டவரே, எனக்கு ஒக்கல்லே, முடியல்லே" என்றேன். அவ்வளவுதான் என் ஜெபம். ஆமென்கூடச் சொல்லவில்லை. அப்படியே தூங்கிவிட்டேன். எத்தனையோ நாளுக்குப் பிறகு நான் தூங்கிய முதல் நல்ல தூக்கம் அது.

யாரோ தோளைத் தொட்டு எழுப்பினார்கள். நர்ஸ்.

"சேச்சி, வாங்க. சேட்டன் கால் அனங்கி!"

அசைந்தது என்கிறாள். கெட்டதைத்தான் சொல்ல வந்திருக்கிறாள் என்று பயந்திருந்த எனக்கு அது புரியவே கொஞ்ச நேரம் ஆனது. உள்ளே போனேன். வலது பெருவிரல் மெதுவாக மடங்கி நிமிர்ந்தது. அவர் அழுதுகொண்டிருந்தார். "இப்போ கிள்ளு பாப்பம்" என்றார். கிள்ளினேன். "வலிக்குது பிள்ளே" என்றார். வலிக்கிறது என்று ஒருவர் சொல்லிக் கேட்டு நான் ஸ்தோத்திரம் சொன்னது அன்றைக்குத்தான்.

இடது கால் முழுதாகத் திரும்பவில்லை. இழுத்து இழுத்துத்தான் நடக்கிறார். கடையில் இப்போது உட்கார்ந்து பார்க்கிற வேலை. அதற்காகவும் நன்றி சொல்கிறேன். டாக்டர்களின் கை செய்தது எது, ஆண்டவர் செய்தது எது என்று பிரித்துச் சொல்ல எனக்குத் தெரியாது. அந்தக் கைகளைக் கொடுத்தவரும் அவர்தானே.

முன்பெல்லாம் பலமாக ஜெபித்தால்தான் ஆண்டவர் கேட்பார் என்று நினைத்திருந்தேன். இப்போது அப்படி இல்லை. வீட்டு வேலை முடிந்த நாட்களில் ஆஸ்பத்திரி வராந்தாவுக்குப் போய், நோயாளிக்குத் துணையிருக்கிறவர்கள் பக்கத்தில் உட்காருகிறேன். பிரசங்கம் எதுவும் செய்வதில்லை. "சாப்பிட்டீங்களா, கொஞ்சம் கண்ணை மூடுங்க, நான் பாத்துக்கிடுதேன்" என்பேன், அவ்வளவுதான்.

இதைக் கேட்கிற உங்களில் யாராவது என்னைப் போலக் களைத்துப் போயிருந்தால், பலம் வரட்டும், பிறகு ஜெபிக்கலாம் என்று காத்திருக்க வேண்டாம். முடியவில்லை என்பதையே அவரிடம் சொல்லுங்கள். சொல்லிவிட்டுத் தூங்குங்கள். அவர் விழித்திருப்பார்.