இளவரசர் இல்லாத நாட்டின் பதிப்புரிமைச் சட்டம்

அரசு அச்சகத்தின் முதல் மாடியில், கழிவறைக்கும் காகிதக் கிடங்குக்கும் நடுவே புரூஃப் பார்க்கும் பிரிவு இருந்தது. அங்கே ஜன்னலோர மேசையில் இருபத்தொன்பது வருடமாக உட்கார்ந்திருந்த அம்மாளை அச்சகம் முழுவதும் புள்ளியம்மா என்றுதான் கூப்பிடும். பெற்றோர் வைத்த பெயர் சம்பளப் பதிவேட்டில் இருந்தது. அதில் ஒரு எழுத்து தப்பாக விழுந்திருந்ததால் அவரே அதைச் சிவப்பு மையால் சுழித்து மூன்று முறை திருப்பி அனுப்பியிருக்கிறார்; மூன்று முறையும் வேறு வேறு தப்போடு திரும்பி வந்தது.

கல்யாணத்துக்கு முன் வீட்டுக்காரர் எழுதிய முதல் கடிதத்துக்கு, விடுபட்ட இரண்டு ஒற்றெழுத்துகளைச் சுட்டிக்காட்டித்தான் அவர் பதில் போட்டார். வீட்டுக்காரர் பஸ் டிரைவர். அதற்குப் பிறகு மனிதர் எதையும் எழுதவில்லை, எல்லாவற்றையும் நேரில் வந்து சொல்லிவிட்டார்.

புள்ளியம்மா பார்த்து அனுப்பிய அரசிதழில் ஒரு அச்சுப்பிழைகூட வந்ததில்லை. அவருக்கு வேறு பெருமைகள் கிடையாது, அவர் தேடிக்கொள்ளவும் இல்லை. புரூஃப் பார்ப்பவர் மூலப் பிரதியைத் திருத்தக் கூடாது என்பது அச்சகத்தின் விதி. மூலத்திலேயே தப்பு இருப்பதாகத் தோன்றினால் ஓரத்தில் எண் போட்டு, தனித்தாளில் ஐயக்குறிப்பு எழுதி அமைச்சகத்துக்கு அனுப்பலாம். அமைச்சகம் சொல்வதுதான் முடிவு.

ஒரு செவ்வாய்க்கிழமை புதிய பதிப்புரிமைச் சட்டத்தின் மசோதா அச்சுக்கு வந்தது. நூற்றுப் பன்னிரண்டு பக்கம். பணக்கார நாடுகளோடு ஏற்றுமதி ஒப்பந்தம் ஒன்று கையெழுத்தாக இருந்தது. பிறர் எழுதிய புத்தகத்தை, பிறர் கண்டுபிடித்த பொருளைக் காப்பியடிப்பதைத் தடுக்கக் கடுமையான சட்டம் கொண்டுவந்தால்தான் பேச்சு என்று அவர்கள் சொல்லிவிட்டார்கள். அமைச்சகத்துக்கு அப்படியொரு சட்டத்தை எழுதத் தெரியவில்லை. வெளிநாட்டு ஆலோசனை நிறுவனம் ஒன்று ஆறே வாரத்தில் எழுதிக் கொடுத்தது. அந்த வேகத்தை அமைச்சர் மேடையிலேயே பாராட்டினார்.

வேகத்தின் ரகசியம் புள்ளியம்மாவுக்கு ஒன்பதாம் பக்கத்தில் புரிந்தது. அபராதத் தொகை அந்த நாட்டில் புழங்காத ஒரு நாணயத்தில் இருந்தது. இருபத்திரண்டாம் பக்கத்தில் இல்லாத ஒரு மாகாணத்துக்கு விதிவிலக்கு. ஐம்பத்தெட்டாம் பிரிவு இப்படி இருந்தது: 'இளவரசரின் நூலகக் காப்பாளர் எழுத்து மூலம் புகார் அளித்தாலன்றி, இச்சட்டத்தின் கீழ் எந்த நீதிமன்றமும் வழக்கை எடுத்துக்கொள்ளலாகாது.' அந்த நாடு குடியரசாகி மூன்று தலைமுறை ஆகிறது. இளவரசர் என்று யாராவது இருந்தால் அது குழந்தைகள் பாடப் புத்தகத்தில்தான்.

காப்பியடிப்பதைத் தடுக்கும் சட்டம், வேறு ஏதோ ஒரு முடியாட்சி நாட்டின் சட்டத்திலிருந்து எடுத்த ஈயடிச்சான் காப்பி. ஈயை அடித்தவர் அதன் இறக்கையைக்கூட விடவில்லை.

புள்ளியம்மாவுக்குச் சிரிப்பு வரவில்லை. சட்டம் நல்லதா கெட்டதா என்று அவர் யோசிக்கவும் இல்லை. தப்பும் தவறுமாக இருக்கிறதே என்று உடம்பு கூசியது. இரண்டு நாள் உட்கார்ந்து நாற்பத்தொரு ஐயக்குறிப்பு எழுதினார். இளவரசர் பதினேழாவது.

வெள்ளிக்கிழமை எல்லாக் குறிப்புகளுக்கும் ஒரே பதில் வந்தது: 'உள்ளபடியே அச்சிடுக.' கீழே துணைச் செயலாளரின் கையெழுத்து. புள்ளியம்மா போன் செய்து காரணம் கேட்டார். நிறுவனத்தோடு போட்ட ஒப்பந்தப்படி மசோதா வாசகத்தின் பதிப்புரிமை நிறுவனத்துக்கே சொந்தமாம். அதை நாட்டின் சட்டமாக்கிக்கொள்ள அரசுக்கு அனுமதி உண்டு. மாற்ற அனுமதி கிடையாது. ஒரு காற்புள்ளியை எடுப்பதென்றாலும் நிறுவனத்தின் தலைமை அலுவலகம் சம்மதிக்க வேண்டும், அதற்கு நான்கு மாதம் ஆகும், ஏற்றுமதி ஒப்பந்தமோ அடுத்த திங்கட்கிழமை. துணைச் செயலாளர் இதைச் சொல்லும்போது குரலில் ஒரு வருத்தமும் இல்லை என்று புள்ளியம்மா பிற்பாடு வீட்டில் சொன்னார்.

சபையில் மசோதா நாற்பது நிமிடத்தில் நிறைவேறியது. அதில் பத்து நிமிடம் மறைந்த உறுப்பினர் ஒருவருக்கு இரங்கல். சட்டம் அரசிதழில் வந்தது. புள்ளியம்மா பதிலோடு சேர்த்து ஐயக்குறிப்புகளை ஒரு கோப்பில் குத்தி அலமாரியில் வைத்துவிட்டு, கால்நடைத் துறை அறிவிப்பைப் பார்க்க ஆரம்பித்தார்.

புள்ளியம்மாவின் மகள் நர்ஸ் படிப்பு இரண்டாம் வருடம். உடற்கூறு புத்தகத்தின் விலை அவளுடைய அப்பாவின் ஒரு மாதச் சம்பளத்தைவிட அதிகம். கல்லூரி நூலகத்தில் ஒரே ஒரு பிரதி இருந்தது, அதையும் சங்கிலி போட்டுக் கட்டியிருந்தார்கள். எல்லாப் பிள்ளைகளையும் போல அவளும் கல்லூரி வாசலில் இருந்த ஜெராக்ஸ் கடையில்தான் அத்தியாயம் அத்தியாயமாக எடுத்துப் படித்தாள். ஜெராக்ஸ்காரர் ஒடிசலான மனிதர். எந்தப் பரீட்சைக்கு எந்த அத்தியாயம் முக்கியம் என்பது வாத்தியார்களைவிட அவருக்கு நன்றாகத் தெரியும். புதுச் சட்டம் அமலுக்கு வந்த மூன்றாம் வாரம் பதிப்பாளர்கள் சங்கம் புகார் கொடுக்க, போலீஸ் வந்து அவரைப் பிடித்து மெஷினையும் வண்டியில் ஏற்றிக்கொண்டு போனது.

மகள் அன்று வீட்டுக்கு வந்து, "அம்மா, நுரையீரல் வரைக்கும் எடுத்துட்டேன். இதயம் போலீஸ் ஸ்டேஷன்ல இருக்கு" என்றாள்.

ஜெராக்ஸ்காரருக்கு வக்கீல் வைக்க வழியில்லை. இலவச சட்ட உதவியிலிருந்து ஒரு பெண் வக்கீலைக் கொடுத்தார்கள். அவருக்கு ஒரே நாளில் பதினொரு வழக்கு. இந்தச் சட்டத்தை நீதிமன்றப் படியில் உட்கார்ந்துதான் முதன்முதலாகப் புரட்டினார். ஐம்பத்தெட்டாம் பிரிவைப் படித்துவிட்டு எழுந்து, இளவரசரின் நூலகக் காப்பாளர் புகார் கொடுத்திருக்கிறாரா என்று ஒரே ஒரு கேள்வி கேட்டார். அரசு வக்கீல், விசாரித்துச் சொல்வதாக வாய்தா வாங்கினார். அடுத்த வாய்தாவில், அந்தக் காப்பாளரைத் தேடிக்கொண்டிருப்பதாகச் சொன்னார். மூன்றாவது வாய்தாவில் மாஜிஸ்திரேட்டுக்குப் பொறுமை போய்விட்டது. இது சட்டத்திலேயே உள்ளதா, அச்சகத்தில் நேர்ந்த பிழையா என்று சொல்ல, அச்சகத்திலிருந்து ஆள் வர வேண்டும் என்று உத்தரவு போட்டார்.

புள்ளியம்மா நீதிமன்றத்துக்குப் போவதற்கு முதல் நாள், துணைச் செயலாளர் முதல் மாடிக்கு நேரிலேயே வந்தார். அவ்வளவு பெரிய அதிகாரி கழிவறையைத் தாண்டி அந்த அறைக்குள் வந்தது அதுவே முதல் தடவை. எதிர் மேசையில் புரூஃப் பார்க்கும் சக ஊழியரை வெளியே அனுப்பிவிட்டு, விஷயத்தைப் பொறுமையாக விளக்கினார். அச்சுப்பிழை என்றால் அரசிதழில் இரண்டு வரி பிழைதிருத்தம் போட்டுவிடலாம். இல்லையென்றால் மறுபடி சபைக்குப் போக வேண்டும், நிறுவனத்திடம் கெஞ்ச வேண்டும், ஒப்பந்தக்காரர்கள் முகத்தில் எப்படி விழிப்பது?

"அச்சுப்பிழைன்னு ஒரு வார்த்தை சொல்லிடுங்கம்மா. உங்க மேல நடவடிக்கை எதுவும் வராது, நான் பாத்துக்கறேன்."

"இருபத்தொம்பது வருஷத்துல ஒரு அச்சுப்பிழை விட்டதில்லை, சார்."

"அதனாலதான் சொல்றேன். ஒண்ணே ஒண்ணுதானே."

புள்ளியம்மா அடுத்த புரூஃபை எடுத்தார். சாயங்காலம் வீட்டில் சொன்னபோது, வீட்டுக்காரர் மகள் பக்கம் பார்த்துவிட்டு, "உண்மையைச் சொன்னா இவளுக்கும் நல்லது, ஜெராக்ஸ்காரருக்கும் நல்லது, அப்புறம் என்ன யோசனை?" என்றார். அதற்குத்தான் புள்ளியம்மாவுக்குக் கோபம் வந்தது. இவளுக்காக நான் போய்ச் சொல்லவில்லை என்றார். மகள் படிக்கிறாள் என்பதற்காக உண்மை சொன்னதாக நாளைக்கு நாலு பேர் பேசினால் அதுவும் தப்பான வாசகம்தான் என்றார். வீட்டுக்காரர் இதைப் பாதிதான் புரிந்துகொண்டார். ஆனால் மறுநாள் ஷிப்டை மாற்றிக்கொண்டு அவரோடு நீதிமன்றத்துக்குப் போனார்.

கூண்டில் ஏறிய புள்ளியம்மாவிடம் மாஜிஸ்திரேட் கேட்டார். "இளவரசர்னு வந்திருக்கே, இது அச்சுப்பிழையா?"

"இல்லைங்க. எங்களுக்கு வந்த பிரதியில அப்படித்தான் இருந்துச்சு."

"நீங்க கவனிக்கலையா?"

"கவனிச்சேங்க. பதினேழாவது ஐயக்குறிப்பு."

ஐயக்குறிப்புக் கோப்பை நீட்டினார். மாஜிஸ்திரேட் பதினேழாவதைப் படித்தார், கீழே இருந்த கையெழுத்தைப் பார்த்தார், பிறகு முன்னும் பின்னும் புரட்டினார்.

"மத்த நாப்பதும் இப்படித்தானா?"

"சிலது இதைவிட மோசங்க."

ஜெராக்ஸ்காரர் விடுதலையானார். மெஷினும் வந்தது, மின்கம்பி மட்டும் காணவில்லை. மகளுக்கு இதயம் கிடைத்தது, பரீட்சை முடிந்து ஒன்பது நாள் கழித்து.

குதிரை கீழே தள்ளியதோடு நிற்காமல் குழியும் பறித்த கதையாக, அடுத்த வாரமே புள்ளியம்மாவைப் படிவங்கள் பிரிவுக்கு மாற்றினார்கள். விடுப்பு விண்ணப்பம், விடுப்பு நீட்டிப்பு விண்ணப்பம், இவற்றுக்கு யார் புரூஃப் பார்க்கிறார்கள்? அவர் பார்த்தார். முப்பது வருடமாக விடுப்பு விண்ணப்பத்தில் இருந்த ஒரு சந்திப்பிழையைக் கண்டுபிடித்து நீக்கினார். நாற்பத்தொரு குறிப்பையும் அமைச்சகம் அப்போதே கேட்டிருந்தால் ஒருத்தருக்கும் ஒரு தொல்லையும் இல்லையே என்பதுதான் அவருடைய ஆற்றாமை. தெரு முழுக்க அவரைப் பாராட்டியது, தப்பு ஒன்று அச்சானதற்காக. அது அவருக்கு ஒட்டவேயில்லை.

வழக்குச் செய்தி பத்திரிகைகளில் வந்து நாறியதும், நிறுவனம் திருத்தத்துக்குச் சம்மதித்தது; அரசு சட்டத் திருத்தக் குழு ஒன்றை அமைத்தது. குழுவில் எட்டு பேர். முதல் கூட்டத்திலேயே ஒரு சங்கடம் வெளியானது: சட்டத்தை முதலிலிருந்து கடைசி வரை படித்தவர் அவர்களில் ஒருவரும் இல்லை. எழுதிய நிறுவனத்திலும் இல்லை என்று கடிதப் போக்குவரத்தில் தெரிந்தது. நாட்டிலேயே அதைப் படித்த ஒரே ஆள் படிவங்கள் பிரிவில் இருந்தார். 'சிறப்பு அழைப்பாளர்' என்று அவருக்கு ஓலை போனது. அனுப்பியவர் அதே துணைச் செயலாளர். சம்பளப் பதிவேட்டில் தப்பாகவே கிடந்த புள்ளியம்மாவின் பெயரை இந்த முறை சரியாக எழுதியிருந்தார்.

புள்ளியம்மா பதினான்கு கூட்டங்களுக்குப் போனார். பெரும்பாலும் பேசவில்லை, பிரிவுகளை ஒவ்வொன்றாகப் படித்துக் காட்டினார். சத்தமாகப் படித்தபோதுதான் பல பிரிவுகளுக்குப் பொருளே இல்லை என்பது எல்லாருக்கும் உறைத்தது. படிப்புக்காக நகல் எடுப்பது பற்றிய பிரிவு வந்தபோது குழுவிலிருந்த பேராசிரியர் இருவர் இரண்டு கூட்டம் சண்டை போட்டார்கள். மூன்றாவது கூட்டத்தில், தேநீர் வருவதற்கு முன், புள்ளியம்மா ஒரு தாளில் எழுதி நடுவில் தள்ளினார்: 'மாணவர் தம் படிப்புக்குத் தேவையான பகுதியை நகல் எடுத்துக்கொள்வது குற்றமாகாது.' எட்டுப் பேரும் தலையாட்டினார்கள்.

தான் எழுதியதற்குத் தானே புரூஃப் பார்க்கக் கூடாது என்று சொல்லி, அதைப் பழைய எதிர் மேசைக்காரரிடம் அனுப்பச் சொன்னார். இருவருக்கும் இருபது வருடமாகப் பேச்சு குறைவு, யார் கண் கூர்மை என்பதில் போட்டி. மறுநாள் ஒரு ஐயக்குறிப்பு வந்தது: 'படிப்பவர் எல்லாரும் மாணவரா? பஸ் டிரைவர் உடற்கூறு படிக்கக் கூடாதா?' புள்ளியம்மா அன்று முழுவதும் சிடுசிடுவென்று இருந்தார். அடுத்த நாள் 'மாணவர்' என்பதை அடித்து 'படிப்பவர்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். எதிர் மேசைக்காரருக்குத் தன் கையால் தேநீர் கொண்டுபோய் வைத்தார்.

திருத்தச் சட்டம் ஒன்றரை வருடத்தில் நிறைவேறியது. இளவரசரும் அவருடைய நூலகரும் ஓய்வு பெற்றார்கள். ஜெராக்ஸ்காரர் கடையில் அந்த வரியைப் பெரிய எழுத்தில் ஒட்டி வைத்தார், அதையும் நகல் எடுத்துத்தான். மகள் படிப்பை முடித்து வேலைக்குப் போய்விட்டாள். புள்ளியம்மா மறுபடி ஜன்னலோர மேசைக்கு வந்தார்.

போன மாதம் துணைச் செயலாளர் ஒரு புத்தகத்தைக் காட்டினார். அதே ஆலோசனை நிறுவனம் வேறொரு நாட்டுக்கு எழுதிக் கொடுத்த சட்டம். முப்பத்தோராம் பிரிவில் புள்ளியம்மாவின் வரி அப்படியே இருந்தது. முதல் பக்கத்தில் பதிப்புரிமை நிறுவனத்துக்கே, அனுமதியின்றி எந்தப் பகுதியையும் எடுக்கக் கூடாது என்று இருந்தது. துணைச் செயலாளர், வழக்குப் போட நினைத்தால் தானே உதவுவதாகச் சொன்னார். வீட்டுக்காரரும் போடத்தான் வேண்டும் என்றார்.

புள்ளியம்மா அந்தப் புத்தகத்தை வீட்டுக்கு எடுத்துப்போய் ஒரு வாரம் படித்தார். வழக்குப் போடவில்லை. நிறுவனத்தின் தலைமை அலுவலகத்துக்கு ஒரு கடிதம் எழுதினார். அதில் இருபத்தாறு ஐயக்குறிப்புகள் இருந்தன. இன்னும் பதில் வரவில்லை.