நான் கொழுவாத ஜேர்சி

டென்மார்க்கில் நான் செய்த முதல் வேலை உடுப்புத் தோய்க்கிற வேலை. அதுவும் உதைபந்தாட்டக்காரரின் உடுப்பு. ஹொல்ஸ்டெப்ரோவில் இருந்த மச்சாள், என் மனுசனின் தமக்கை, கேள்விப்பட்ட உடனே ரெலிபோன் எடுத்தா.

"உமக்கென்ன விசரே? எங்கட பகுதியில ஆராவது ஊரார்ட ஊத்தை தோய்ச்சிருக்கினமே?"

"மெசின்தான் தோய்க்குது, மச்சாள்."

"மெசினுக்குள்ள போடுறது ஆர்ட கை?"

நான் வாய் திறந்து கதைக்கிற ஆள் இல்லை. ஐந்தாம் வகுப்போடு படிப்பு முடிந்தது. நாலு பேர் நிற்கிற இடத்தில் என் குரல் தொண்டையைத் தாண்டி வராது. ரெலிபோனை வைத்துவிட்டு அடுத்த நாளும் வேலைக்குப் போனேன். வாயால் சொல்லாத பதிலை அப்படித்தான் சொன்னேன்.

இந்த வேலைக்கென்று ஒரு சனத்தை ஒதுக்கி, படலைக்கு வெளியே நிற்பாட்டி, அவர்கள் வெளுத்துத் தந்த வேட்டியைக் கட்டிக்கொண்டு கோயிலுக்குப் போனவர்கள்தான் எங்கட ஆட்கள். அவர்கள் எனக்கு மானம் மரியாதை படிப்பிக்க வேண்டாம். தோய்த்தேன். நல்லாகத்தான் தோய்த்தேன்.

எண்பத்தைந்தாம் ஆண்டு அது. இக்காஸ்டுக்கும் ஹொல்ஸ்டெப்ரோவுக்கும் நடுவில் ஒரு ஊர். ஊரின் பெயரும் கழகத்தின் பெயரும் வேண்டாம், அந்த ஆட்களுக்குப் பிள்ளை குட்டிகள் இருக்கும். என் மனுசன் நெசவுத் தொழிற்சாலையில் சிப்ட் வேலை. எங்களுக்கு உதவி செய்ய வந்த டெனிஷ் மனுசி ஒருத்திதான் இந்த வேலையை எடுத்துத் தந்தவ. பார்வையாளர் இருக்கிற படிகளுக்குக் கீழே ஒரு அறை. இரண்டு மெசின், ஒரு உலர்த்தி, ஒரு நீட்டு மேசை. சேறும், வேர்வையும், காலுக்குப் பூசுகிற தைலமும் சேர்ந்த மணம் ஒன்று எந்நேரமும் அங்கே நிற்கும். எனக்கு அது பிடித்திருந்தது. ஒருவரும் வந்து கதைக்க மாட்டார்கள்.

முதல் கிழமையே ஒரு வேலை பார்த்தேன். வெள்ளைக் காற்சட்டைகள் பருத்தித் துணி. பருத்தி என்றால் கஞ்சி போடாமல் எப்படிக் கொடுக்கிறது? வீட்டில் சோறு வடித்த கஞ்சியைப் போத்தலில் கொண்டுபோய், தோய்த்து, அயன் பண்ணி, மடிப்பு கத்தி மாதிரி நிற்க அடுக்கி வைத்தேன். ஞாயிற்றுக்கிழமை பெடியள் அதைப் போட்டுக்கொண்டு மட்டையால் செய்த பொம்மைகள் மாதிரி மைதானத்துக்குள் நடந்தார்கள். பாதி ஆட்டத்தில் மழை. கஞ்சி கரைந்து தொடை வழியே வழுவழு என்று வடிந்தது. நான் உலர்த்திக்குப் பின்னால் ஒளிந்து நின்றேன். அன்றோடு வேலை போய்விட்டது என்று நினைத்தேன்.

ஆட்டம் முடிய ஒருவர் கதவைத் தட்டிக்கொண்டு வந்தார். முடி கொஞ்சம் கொட்டின, கால் கொஞ்சம் இழுக்கிற ஆள். தன் காற்சட்டையைக் கொண்டுவந்து மேசையில் வைத்தார்.

"இது நல்லம்," என்றார். "மழை இல்லாட்டி, நான் விழுந்தாலும் இது நிற்கும்."

கழகத்தில் எல்லாரும் ஜெர்மன்காரர் என்று சொல்கிறவர் அவர்தான்.

அவருடைய டெனிஷ் என்னுடையதைப் போலவே உடைந்த டெனிஷ். டெனிஷ்காரருக்கு நாங்கள் இரண்டு பேர் கதைக்கிறதும் விளங்காது. ஆனால் அவர் கதைத்தால் எனக்கு விளங்கும், நான் கதைத்தால் அவருக்கு விளங்கும். இரண்டு பேருக்கும் தெரிந்தது அதே கொஞ்சச் சொற்கள்தானே. அந்த அறை சூடாக இருக்கும் என்பதால் ஆட்டத்துக்கு முன்னம் வந்து, முழங்காலை உலர்த்தியோடு ஒட்டி வைத்துக்கொண்டு இருப்பார். நான் என் பாட்டில் சொக்ஸ் சோடி சேர்ப்பேன்.

அப்படி இருக்கையில்தான் தன் கதையைச் சொன்னார். தகப்பன் நிலக்கரிச் சுரங்கத்தில் வேலை. பதினெட்டு வயதில் பெரிய கழகம் ஒன்று இவரை எடுத்தது. சனம் கடல் மாதிரி இரைகிற மைதானத்தில் விளையாடியிருக்கிறார். பிறகு முழங்கால் போனது. வெட்டித் தைத்தார்கள். திரும்பப் போனது, திரும்பத் தைத்தார்கள். ஒரு கழகம் விட, அதைவிடச் சின்னக் கழகம் எடுத்தது. அதுவும் விட, எல்லை தாண்டி எங்கட ஊருக்கு வந்து சேர்ந்தார்.

"மைதானத்தில உங்கட வேலை என்ன?" என்று ஒருநாள் கேட்டேன். எனக்கு உதைபந்தாட்டம் தெரியாது. உடுப்பில் எந்த இடத்தில் சேறு பிடிக்கும் என்பது மட்டும் தெரியும்.

உடுப்புக் கவ்விகளை எடுத்து மேசையில் பரப்பினார். இங்கே கோல் காக்கிறவர், அங்கே கோல் அடிக்கிறவர். நடுவில் ஒரு கவ்வியை வைத்து, அது தான் என்று நெஞ்சில் தட்டிக் காட்டினார். சுருட்டின சொக்ஸ் ஒன்றுதான் பந்து. பின்னால் இருந்து வாங்குவார், திரும்புவார், முன்னால் கொடுப்பார். திரும்ப வாங்குவார், திரும்பக் கொடுப்பார்.

"இவ்வளவுதானா?"

"இவ்வளவுதான். பதினைஞ்சு வருசம்."

இரண்டு பேரும் சிரித்தோம்.

கோல் கம்பத்துக்குப் பின்னால் ஒரு கிழவன் எப்பவும் நிற்பான். இவர் காலில் பந்து பட்டால் போதும், "ஜெர்மன்காரா, வீட்டை போ!" என்று கத்துவான். பழைய யுத்தத்தை மறக்காத ஆள் என்று மற்றவர்கள் சொன்னார்கள். அந்த 'வீட்டை போ' எனக்கும் தெரியும். பஸ்தரிப்பில் என்னைப் பார்த்தும் அதையே சொல்லியிருக்கிறார்கள். டெனிஷில் நான் முதலில் பழகின சொற்களில் அதுவும் ஒன்று. நான் போகவில்லை. அவரும் போகவில்லை.

அந்த வருசக் கோடையில் புது ட்ரெய்னர் வந்தான். இளம் ஆள், நல்ல சப்பாத்து, கையில் எந்நேரமும் விசில். அவன் ஒரு புது வழக்கம் கொண்டுவந்தான். அந்த நாளில் நம்பர் ஆளுக்குச் சொந்தம் இல்லை. ஒன்றிலிருந்து பதினொன்று வரை போட்டவர் ஆட்டத்தில் இறங்குவார், பன்னிரண்டும் அதற்கு மேலேயும் போட்டவர் வெளியே வாங்குப் பலகையில் மாற்று ஆளாக இருப்பார். ஆட்டத்தன்று காலையில் ட்ரெய்னர் வந்து சுவரில் எந்த ஜேர்சியை ஆரின் கொழுக்கியில் கொழுவித் தொங்கவிட வேண்டும் என்று எனக்குச் சொல்வான். நான் கொழுவுவேன். ஆட்டக்காரர் உடுப்பு மாற்ற வருகிறபோது தன் கொழுக்கியைப் பார்த்துத்தான் இறங்குகிறாரா இல்லையா என்று அறிந்துகொள்ள வேண்டும். முகம் பார்த்துச் சொல்ல அவனுக்கு ஏலாது. அதுதான் விசயம்.

ஒருமுறை பின்னுக்கு விளையாடுகிற ஆள் ஒருவர் தன் கொழுக்கியில் பன்னிரண்டைக் கண்டார். கண்டுவிட்டு என்னைத்தான் பார்த்தார். நான்தான் அவரை வெளியே தள்ளினது போல. அந்தப் பார்வை சாப்பாட்டு நேரமும் என்னோடு இருந்தது.

மனுசனிடம் சொன்னேன். "கொழுவச் சொன்னால் கொழுவும். உமக்கேன் அவையின்ட வில்லங்கம்?" என்றார். அவர் சொன்னதிலும் நியாயம் இருந்தது. எங்களுக்கு அந்தச் சம்பளம் வேண்டும்.

ஆட்டங்கள் கார்த்திகையோடு முடிந்துவிடும். பிறகு வசந்த காலம் வரும் வரை மைதானம் பனிக்குத்தான். ஜெர்மன்காரரின் ஒப்பந்தமும் கார்த்திகையோடு முடிகிறது. கழகத்தின் தலைவர் அவரிடம் சொல்லிவிட்டார்: கடைசி ஆட்டங்களில் அணிக்குள் நின்றால் அடுத்த வருசமும் வைத்திருப்போம், நிற்காவிட்டால் வழி அனுப்புவோம். வழி என்றால் ஜெர்மனியில் மாமனாரின் பெற்றோல் செட்.

"மாமா நல்ல மனுசன்," என்றார். "பெற்றோலும் நல்ல பெற்றோல். ஆனா எனக்கு அது வேண்டாம். எனக்கு இன்னும் விளையாட வேணும்."

அதைக் கெஞ்சுகிற குரலில் சொல்லவில்லை. ஒரு பிள்ளை சோறு வேணும் என்று சொல்கிற மாதிரிச் சொன்னார்.

கடைசி ஆட்டத்துக்குக் கொஞ்சம் முன்னம் ஒரு ஞாயிற்றுக்கிழமை. ஐஸ் கலந்த மழை பெய்துகொண்டிருந்தது. ட்ரெய்னர் அறைக்குள் வந்து, என் முகத்தைப் பார்க்காமல், உலர்த்தியைப் பார்த்துக்கொண்டு நம்பர்களைச் சொன்னான். ஜெர்மன்காரர் வழக்கமாகப் போடுகிற எட்டு வேறொருவருக்கு.

"ஜெர்மன்காரனுக்குப் பதின்மூன்று," என்று சொல்லிவிட்டு விசிலைச் சட்டைப்பைக்குள் போட்டுக்கொண்டு போனான்.

மற்ற எல்லாவற்றையும் கொழுவினேன். எட்டையும் அவன் சொன்ன கொழுக்கியிலேயே கொழுவினேன். அணியை நான் தெரிவு செய்ய முடியாது, அது எனக்குத் தெரியும். பதின்மூன்றைக் கையில் வைத்துக்கொண்டு ஜெர்மன்காரரின் கொழுக்கிக்கு முன்னால் நின்றேன். கை எழும்பவில்லை. ஒரு மனுசரின் பிழைப்பைப் பறிக்கிற செய்தியை, அதைப் பறிக்கிறவன்தானே கொண்டுபோக வேண்டும்? தோய்க்கிறவள் ஏன் கொண்டுபோக வேண்டும்?

வெட்கப்படுகிறவளை எல்லாரும் பயந்தவள் என்று நினைக்கிறார்கள். அது இரண்டும் ஒன்றில்லை.

ஜேர்சியை அழகாக மடித்தேன். ட்ரெய்னரின் அறைக்குப் போனேன். மேசையில் அவன் கோப்பிக் கோப்பைக்குப் பக்கத்தில் வைத்தேன்.

"நீ," என்றேன். "நான் இல்லை."

"என்ன?"

"நீ குடு. நீ சொல்லு."

"அது உன்ர வேலை."

"தோய்ச்சன். காயவைச்சன். அயன் பண்ணினன். என்ட வேலை முடிஞ்சுது."

நான் நின்ற இடத்தை விட்டு அசையவில்லை. அவன் முகம் சிவந்துவிட்டது.

"இந்த வேலைக்கு வேற ஆள் பிடிக்கலாம், தெரியுமோ?"

"பிடி," என்றேன்.

பின்னேரம் இதைக் கேட்டு என் மனுசன் தலையில் கை வைத்தார். "பிடி எண்டு சொன்னனீரோ? நீரோ? ஊரில மீன்காரனிட்ட விலை கேட்கவே என்னையெல்லோ அனுப்புவீர்!"

ஆட்டத்துக்கு நேரமாக ஜெர்மன்காரர் உடுப்பு மாற்ற வந்தார். மற்றவர்களின் கொழுக்கிகள் எல்லாம் நிரம்பியிருந்தன, அவருடையது வெறுமையாக இருந்தது. என்னைத் திரும்பிப் பார்த்தார். நான் நாடியால் ட்ரெய்னரின் அறையைக் காட்டினேன். அவருக்கு விளங்கிவிட்டது. போனார். கதவைச் சாத்தவில்லை. உள்ளே நடந்தது எல்லாருக்கும் கேட்டது.

"ஏன்?"

"உன்ர முழங்கால்..."

"முழங்கால் என்ட. அதைப்பற்றி நான் டொக்டரோட கதைக்கிறன். நீ விளையாட்டைப்பற்றிக் கதை."

ட்ரெய்னர், "நீ மெதுவாய் ஓடுறாய்," என்றான்.

"ஓம். மெதுவாய்த்தான். இருபது வயதிலயும் மெதுவாய்த்தான் ஓடினனான். ஓட வேண்டியது பந்து. நான் இல்லை."

உடுப்பு மாற்றுகிற அறையில் ஆரோ சிரித்தார்கள். ஜெர்மன்காரர் பதின்மூன்றைப் போட்டுக்கொண்டு வெளியே வந்தார். வாசலில் நின்று உள்ளே பார்த்து, "வாங்கில இருக்கிறன். தோற்கத் தொடங்கினா என்னைப் பார். இந்த முறை முகத்தைப் பார்," என்றார்.

நான் வழக்கமாக ஆட்டம் பார்க்கிறதில்லை. அன்று சேலைக்கு மேலே மனுசனின் கோட்டைப் போட்டுக்கொண்டு, படிகளுக்குப் பக்கத்தில் போய் நின்றேன். வேலை போகிறதென்றால் பார்த்துவிட்டே போகட்டும் என்ற எண்ணம். எங்கட பக்கம் ஒரு கோல் பின்னுக்கு நின்றது. ஜெர்மன்காரர் எழும்பிக் கோட்டோரம் ஓடி உடம்பைச் சூடாக்கினார். கிழவன் கத்தினான். இவர் பழகின ஆளுக்குக் காட்டுகிற மாதிரிக் கையைக் காட்டிவிட்டு ஓடினார். ட்ரெய்னர் அந்தப் பக்கமே திரும்பவில்லை. கடைசியில் அணித்தலைவர் மைதானத்துக்குள் நின்றபடியே வாங்கைக் காட்டிக் கையை விரித்தார். சனமும் பார்க்கிறது. வேறு வழி இல்லாமல் ட்ரெய்னர் திரும்பினான்.

உள்ளே போனவர் ஓடவில்லை. நடுவில் போய் நின்றார். வாங்கினார், திரும்பினார், கொடுத்தார். மேசையில் கவ்விகளை வைத்துக் காட்டினது அப்படியே என் கண்ணுக்கு முன்னால் நடந்தது. ஆட்டம் முடிகிற நேரம், ஒருவரும் இல்லாத இடம் என்று நான் நினைத்த பக்கத்துக்கு அவர் பந்தை விட்டார். எட்டாம் நம்பர் போட்டவர் அங்கே ஓடிப்போய்ச் சேர்ந்தார். கோல். எல்லாரும் எட்டாம் நம்பரில் போய் விழுந்தார்கள். இவர் குனிந்து தன் சொக்ஸை இழுத்துவிட்டுக்கொண்டு நின்றார்.

சமன். அவ்வளவுதான். வெல்லவில்லை.

அதோடு எல்லாம் சரியாகிவிட்டது என்று எழுத எனக்கும் ஆசைதான். ஆனால் கழகம் அவரை வைத்திருக்கவில்லை. கடைசி ஆட்டம் முடிந்த பிறகு ட்ரெய்னரே வந்து, எல்லாருக்கும் முன்னால், முகத்தைப் பார்த்துச் சொன்னான். அதையாவது செய்தான். ஜெர்மன்காரர் சப்பாத்தைக் கழற்றிக்கொண்டே கேட்டார். பிறகு எழும்பி நின்று சொன்னார்:

"என்னை வேண்டாமெண்டு நீங்கள் சொல்லலாம். நான் முடிஞ்சுபோனன் எண்டு சொல்ல உங்களுக்கு ஏலாது."

என்னை வேலையால் நிற்பாட்டவில்லை. வேறு ஆள் தேடினார்களோ கிடைக்கவில்லையோ, எனக்குத் தெரியாது. நான் கேட்கவும் இல்லை. அடுத்த வருசம் ஆட்டத்தன்று ஜேர்சிகளை மேசையில் அடுக்கி வைப்பேன், ட்ரெய்னர் வந்து எடுத்துக்கொண்டுபோய்த் தானே கொழுவுவான்.

வைலேக்குக் கிட்ட ஒரு சின்ன ஊர்க் கழகம் ஜெர்மன்காரரை எடுத்தது. சம்பளம் என்று சொல்லப் பெரிதாக ஒன்றும் இல்லை. காலையில் தளபாடத் தொழிற்சாலையில் வேலை, பின்னேரம் பயிற்சி. எங்கட பக்கத்துப் பெடியன் ஒருவனின் காரில் நானும் மனுசனும் ஒரு சனிக்கிழமை போனோம். படிகள் இல்லை, கயிறு கட்டின ஒரு வயல் மாதிரியான மைதானம். பார்க்க வந்தவர்களை விட மழை கூட.

"இதைப் பார்க்கவோ இவ்வளவு தூரம்?" என்றார் மனுசன்.

"ஓம்," என்றேன். "இதைப் பார்க்கத்தான்."

அவர்கள் தோற்றார்கள். ஆட்டம் முடிய ஜெர்மன்காரர் காலை இழுத்துக்கொண்டு கயிற்றடிக்கு வந்து, என் மனுசனுக்குச் சேற்றுக் கையைக் கொடுத்தார்.

"முழங்கால் எப்பிடி?" என்று கேட்டேன்.

"நோகுது," என்றார். "புதன்கிழமை இன்னொரு ஆட்டம் இருக்கு."