முதுகு காட்டக்கூடாத அறை

ஆள் குடியிருக்கிற வீட்டைத் துடைப்பது கஷ்டம். ஆள் இல்லாத வீட்டைத் துடைப்பது அதைவிடக் கஷ்டம். வாளியும் துடைப்பமுமாகச் சீவிக்கிற உங்களுக்கு இது விளங்கும். நான் வேலை செய்வது ஜெர்மனியில், டுசல்டோர்ஃப் நகரத்துக்கு வெளியே ஒரு பழைய அரண்மனையில். ஒருகாலம் ஒரு குறுநில மன்னர் ஒருத்தரையும் கேளாமல் தனியாளாக ஆண்ட இடம், இப்போது சனம் சீட்டெடுத்துப் பார்க்கிற நூதனசாலை. காலையில் துடைப்பேன், திறந்தபிறகு மூலையில் கதிரை போட்டுக் காவல் இருப்பேன். வேலை நிரந்தரமானால்தான் என் நாலு வயது மகளுக்கு முழுநாள் பாலர் பாடசாலை கிடைக்கும். அதனால் எதைக் கண்டாலும் வாயை மூடிக்கொண்டிருப்பது என்று முடிவெடுத்திருந்தேன்.

வாளி எந்தப் பக்கம்

எனக்கு வேலை பழக்கினவ ஹைக்க என்ற பொம்பிளை, அங்கே கனகாலமாகத் துடைக்கிறவ. சிம்மாசன அறையில் சிம்மாசனத்தடியில் தொடங்கி, அதைப் பார்த்தபடியே பின்பக்கமாக வந்து வாசலில் முடிக்கச் சொன்னா. ஈரத்தில் மிதிக்காமலிருக்க எல்லாரும் செய்கிறதுதானே. போதாததற்கு, இங்கே ஊன்ட்றொப்பில் இருக்கிற எங்கள் கோயிலில் அம்மனுக்கு முதுகு காட்டாமல் வெளியே வந்து பழகின கால்கள். பிசகில்லாமல் செய்தேன்.

“அந்தக் காலத்தில பிரபுக்களும் இப்பிடித்தான் வெளியே போகோணும்” என்று டொச்சில், அதுதான் ஜெர்மன் மொழியில், சொன்னா.

“இப்ப அவர் இல்லையே?” என்று கேட்டேன்.

ஹைக்க துணியைப் பிழிந்தபடி சொன்னா: “உமக்கு முந்தி இந்த வேலையில நிண்டவவும் அப்பிடித்தான் கேட்டவ. கேட்டுப்போட்டுத் திரும்பி நடந்தவ. அடுத்தநாள் வேலைக்கு வரேல்லை.”

பூட்டின கூடம்

பக்கத்தில் ஒரு கூடம். ஊர்ப் பெரியவர்களும் பிரபுக்களும் கூடி, வரி போடலாமா வேண்டாமா என்று மன்னருக்குச் சொன்ன இடம். மன்னருக்கு நிரந்தரப் படை வைக்க ஆசை. இவர்களிடம் கேட்டுக்கொண்டிருக்கப் பொறுமையில்லை. கூடத்தைப் பூட்டிவிட்டுத் தன் அதிகாரிகளை நேரே கிராமங்களுக்கு அனுப்பி வரியை எடுத்தாராம். இதெல்லாம் கார்த்திக் சொன்னது. மதுரைப் பிள்ளை, பல்கலைக்கழகத்தில் இந்த மன்னரைப் பற்றித்தான் ஆராய்ச்சி, சனி ஞாயிறுகளில் எங்களிடம் வழிகாட்டி.

அந்தக் கூடத்துக் கதிரைகளை நான் நடு மேசையைப் பார்க்க நேராக்கி வைப்பேன். மறுநாள் வந்தால் எல்லாம் சிம்மாசன அறைச் சுவரைப் பார்த்துத் திரும்பியிருக்கும்.

“என்ன தம்பி, நாங்கள் போனபிறகு கூட்டம் போடுறியளோ?” என்று பகிடியாகக் கேட்டேன்.

அவர் சிரிக்கவில்லை. “லாக் பண்ணது யாரும் பேசக் கூடாதுன்னுதான் அக்கா. ஒட்டுக் கேக்கக் கூடாதுன்னு யாரும் சொல்லலையே.”

கயிற்றுக்கு அங்கால்

மன்னரின் படுக்கையறையில் கட்டிலுக்கு முன்னால் கயிறு கட்டியிருக்கிறது. அந்தக் காலத்தில் மன்னர் படுக்கையால் எழும்புவதே அரசாங்க அலுவல். சட்டையை யார் எடுத்துக் கொடுப்பது, மெழுகுதிரியை யார் பிடிப்பது என்று பிரபுக்களுக்குள் பெரிய போட்டி. அவர் வேட்டைக்குப் போன நாட்களிலும் வெறும் கட்டிலுக்குக் குனிந்து வணக்கம் சொல்ல வேண்டுமாம்.

ஒருநாள் பார்க்க வந்தவர்களில், கழுத்துப்பட்டி கட்டின பெரியவர் ஒருவர் கட்டிலுக்கு முன்னால் நன்றாகக் குனிந்து நின்றார். காலையில் நான் இழுத்து நீவிவிட்ட விரிப்பில், ஆள் ஒருபக்கமாகச் சரிந்து படுத்த மாதிரி ஒரு பள்ளம். இவர்தான் கையை ஊன்றிவிட்டாரோ என்று, “ஐயா, கயிற்றைத் தாண்டாதேங்கோ” என்றேன்.

அவர் உதட்டில் விரல் வைத்தார். “மெல்லக் கதையுங்கோ. அவர் இன்னும் எழும்பேல்லை.”

மகள்

பாலர் பாடசாலை ஆசிரியைகளுக்குக் காய்ச்சல் என்று திடீரென்று ஒருநாள் பூட்டிவிட்டார்கள். வேலை நிரந்தரமாகாத சோதனைக்காலத்தில் லீவு கேட்கப் பயம். மகள் யாழினியை ஒளித்துக் கூட்டிப்போய், உடுப்பு மாற்றும் அறையில் வர்ணப் பென்சில்களோடு இருத்தினேன். தண்ணீர் மாற்றிவிட்டு வந்தால் பிள்ளை இல்லை.

சிம்மாசன அறைக்கு ஓடினேன். நடுவில் மேலாளர் பிரான்ட் நிற்கிறார். அவரைக் கடந்து என் மகள், சிம்மாசனத்தைப் பார்த்தபடியே அடியடியாகப் பின்பக்கம் வந்துகொண்டிருக்கிறாள். நான் துடைப்பதை அவள் ஒருநாளும் கண்டதில்லை. வேலை போச்சு என்று நினைத்துக்கொண்டேன்.

“ஆரம்மா இப்பிடி நடக்கச் சொன்னது?” என்று மகளைக் கேட்டேன்.

“அந்தப் பெரிய கதிரையில இருக்கிற மாமா. திரும்பினா அம்மாட வேலை போயிடுமாம்.”

“டொச்சில சொன்னவரோ, தமிழிலயோ?”

“வாயால சொல்லேல்லை அம்மா.”

பிள்ளை என்ன சொல்கிறாள் என்று மேலாளர் கேட்டார். பொய் ஒன்றும் வாயில் வரவில்லை. அப்படியே டொச்சில் சொன்னேன். அவர் அந்த வெறும் ஆசனத்தைப் பார்த்தார். பிறகு, திரும்பாமல், மெல்லமெல்லப் பின்பக்கமாகவே நடந்து வாசலுக்கு வந்தார். வாசல்படி தாண்டினபிறகுதான் என் பக்கம் திரும்பிச் சொன்னார்:

“இஞ்ச முதுகு காட்டாத ஆள்தான் வேணும். திங்கட்கிழமை வந்து நிரந்தர ஒப்பந்தத்தில கையெழுத்து வையுங்கோ. பிள்ளையை மட்டும் இனி இஞ்ச கூட்டிக்கொண்டு வரவேண்டாம்.”

மன்னராட்சி முடிந்து எத்தனையோ காலம் என்று கார்த்திக் தம்பி அடித்துச் சொல்கிறார். அதை யாராவது எங்கள் கட்டடத்துக்கும் போய்ச் சொன்னால் நல்லது, நானென்றால் சொல்லமாட்டேன், எனக்கு இப்போது நிரந்தர வேலை.