நீலத்துக்கு நீலம்

எங்கள் அத்தைக்குத் தன் பிறந்த வீட்டுப் பெருமை ஜாஸ்தி. அவர் பிறந்த வீட்டில்தான் நானும் பிறந்தேன். அவர் அண்ணன் மகள் நான். அவர் மகனையே கட்டிக்கொண்டவள். ஆனாலும் எழுபதுகளில் என் மகள் நீல உதடும் நீல நகமுமாகப் பிறந்தபோது, பழி என் தலையில்தான் விழுந்தது.

ஆம்பூரில் தோல் பதனிடும் ஷாப்பில் எனக்கு வேலை. மருந்தில் ஊறி நீலமாக வரும் ஈரத் தோலை விரித்து அடுக்குவேன். மாசமாக இருந்தபோதும் போனேன்.

"வயித்துல புள்ளைய வச்சிக்கினு நீலத் தோலைத் தொட்டா, புள்ள இன்னா செவப்பாவா பொறக்கும்?" என்று அத்தை தெருவுக்கே கேட்கச் சொல்வார்.

நானும் பாதி நம்பினேன். ஆனால் வேலையை விடவில்லை.

மகள் வளர்ந்து பள்ளிக்கூடம் போனாள். அங்கே வாத்தியார், இதயத்தில் ஓட்டை இருக்கும் என்று பயந்து அவளை ஓட விடமாட்டார். "இவ எங்க பெருசாகப் போறா" என்று அத்தை ஒருநாள் சொல்லிவிட்டார். மறுநாளே மகளைக் கூட்டிக்கொண்டு வேலூருக்கு பஸ் ஏறினேன். டாக்டர் என்னைத் திட்டுவதைக் கேட்க அத்தையும் கூடவே ஏறினார்.

டாக்டரம்மா எடுத்த ரத்தம் ஆவாரம்பட்டை ஊறிய தண்ணீர் மாதிரி பழுப்பாக இருந்தது. காற்றுப் படக் குலுக்கிப் பார்த்தும் சிவக்கவில்லை.

"இதயம் நல்லாத்தான் இருக்கு. ரத்தத்துல இருக்கிற இரும்புதான் காத்தைச் சுமக்குது. அது துருப்பிடிச்ச மாதிரி ஆனா சுமக்காது, உடம்பு நீலம் பாரிச்சிடும். அதைத் திருப்பிச் சரிபண்ற சத்து இவளுக்குப் பிறவியிலேயே கம்மி."

"மாசமா இருந்தப்ப நீலத் தோலைத் தொட்டதாலயா?" என்று கேட்டேன்.

"தொட்டா கையிலதாம்மா ஒட்டும். சொந்தத்துலயா கட்டினீங்க?"

"என் அண்ணன் பொண்ணுதான்" என்றார் அத்தை, நிமிர்ந்து.

"அப்ப இந்தக் குறை உங்க அப்பா அம்மால ஒருத்தர்கிட்டேர்ந்து வந்திருக்கும். உங்க வழியா உங்க பையனுக்கு, அண்ணன் வழியா இவங்களுக்கு. ஒரு பக்கம் மட்டும் வந்தா வெளிய தெரியாது. ரெண்டு பக்கமும் சேர்ந்து இவளுக்கு வந்துடுச்சு."

அத்தை தன் நகங்களைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"பொறந்த வீட்டுச் சீரு, அத்தை! உங்களுக்கும் எனக்கும் சமமாத்தான் குடுத்திருக்காங்க" என்றேன்.

நர்ஸம்மா கொண்டுவந்த ஊசி மருந்து அசல் நீலம். "ஐயோ, நீலத்துக்கு மேல நீலமா!" என்று அத்தை அலறினார். "இந்த நீலம்தாம்மா அந்தத் துருவைப் போக்கும்" என்று டாக்டரம்மா சிரித்துக்கொண்டே மெதுவாக ஏற்றினார். பார்த்துக்கொண்டே இருந்தோம். கொஞ்ச நேரத்தில் என் மகளின் உதடு மாதுளை முத்தாகச் சிவந்தது. துரு திரும்பாமலிருக்கத் தினமும் சாப்பிடப் புளிப்பு மாத்திரையும் கொடுத்தார்கள்.

அடுத்த வாரம் நானே பள்ளிக்கூடத்துக்குப் போய், "ஓட வுடுங்க சார்" என்றேன். ஓடினாள், மூன்றாவதாக வந்தாள். மூச்சு வாங்க நின்றவளைப் பார்த்து வாத்தியார் பதறினார்.

"ஓடினா எல்லாருக்குந்தான் சார் மூச்சு வாங்கும்!" என்றேன்.